பாட்டில் ஒரு பெயர்

ஆல்டர்சன் டவர், கிழக்கு லண்டன்
6 ஏப்ரல் 2003, ஞாயிறு

அன்புள்ள ஜெரோம்,

போன் செய்தால் "வேலை இருக்குப்பா" என்று வைத்துவிடுகிறாய். அதனால்தான் கடிதம். நடுவில் நிறுத்தினாலும் இது அத்தை வீட்டு மேசையில் கிடக்கும், என்றைக்காவது மீதியைப் படிப்பாய் என்று ஒரு நப்பாசை. ஃபிலோமின் அத்தையிடம் சொல்லியிருக்கிறேன், குப்பையில் போடாதே என்று.

எனக்கு எழுத வராது என்பது உனக்குத் தெரியும். நான் இதுவரை எழுதியதில் நீளமானது லிஃப்ட் புகார். "இரண்டாம் லிஃப்ட் ஓடவில்லை. முதல் லிஃப்ட் ஓடுகிறது, எங்கே என்று தெரியவில்லை." கவுன்சில் அலுவலகத்தில் அதைப் படித்துச் சிரித்தார்களாம். லிஃப்ட்டை மட்டும் சரிசெய்யவில்லை. பதினெட்டு வருடமாக இந்த இருபத்தொரு மாடிக்குக் காவல்காரன், துப்புரவுக்காரன், குழாய்க்காரன், சில நாள் பாதிரியாரும் நான்தான். இந்தப் பெரிய உத்தியோகத்தைப் பார்த்துப் பயந்துதான் உன் அம்மா டொராண்டோவுக்குப் போய்விட்டாள் என்று வெளியில் சொல்லிக்கொள்கிறேன். உண்மையில் ஒரே ஜோக்கை இருபது வருடம் அவளால் கேட்க முடியவில்லை.

நீ லீட்ஸுக்குப் போய் ஏழு வாரம் ஆகிறது. உன் கூட்டாளி பைரனை இன்றும் மருத்துவமனையில் பார்த்துவிட்டு வந்தேன். மாடிப்படியிலிருந்து விழுந்தவனுக்கு இவ்வளவு தூரம் திரும்பி வந்ததே பெரிது என்கிறார் டாக்டர். கால் பரவாயில்லை. வலது கை இன்னும் டம்ளரைப் பிடிப்பதில்லை. பேச்சு மெதுவாக வருகிறது. ஒரு சொல்லுக்கும் அடுத்த சொல்லுக்கும் நடுவில் நான் ஒரு டீ குடித்துவிடலாம். பச்சை வாழைக்காயும் உப்புமீனும் கொண்டுபோனேன். சாப்பிட்டான். உன்னைப் பற்றிக் கேட்டான்.

உன் பாட்டைக் கேட்டேன். தேடிக் கேட்கவில்லை. வியாழக்கிழமை சலவைக் கடை வாசலில் ஒரு கார் நின்றது, ஜன்னல் வழியாக நீ வந்தாய். "டவர்" என்று பெயர் வைத்திருக்கிறாயாமே. உயரம் ஐந்தடி ஆறு அங்குலம், பெயர் டவர். சரி, அது உன் இஷ்டம்.

"கூரை ஏறிப் பாத்தேன், கம்பி காணோம்" என்று நீ நிறுத்தியதும் பஸ் நிறுத்தத்தில் நின்ற மூன்று பள்ளிப் பையன்கள் "லியான்" என்று கத்தினார்கள். அடுத்த வரிக்கும் "லியான்". அதற்கடுத்த வரிக்கும். பொய் சொல்லமாட்டேன், முதலில் பெருமையாகத்தான் இருந்தது. என் மகன் வரியை ஆரம்பிக்கிறான், தெரு முடிக்கிறது. நாலு வயதில் லிஃப்ட்டுக்குள் நின்று கதவோடு வாதாடியவன். பதினோரு வயதில் என் புகார்ப் படிவங்களின் பின்பக்கம் முழுக்கப் பாட்டெழுதி, நான் அதைத் தெரியாமல் அலுவலகத்துக்கு அனுப்பி, "பின்பக்கம் நன்றாக இருக்கிறது, முன்பக்கம் புரியவில்லை" என்று பதில் வந்ததே. அந்தப் பையன்.

பிறகு லியானை நினைத்தேன். நீயும் அவனும் ஒரே நாளில் சர்ச்சில் முதல் நற்கருணை வாங்கியவர்கள். இப்போது உன் பாட்டால் அவனைக் கல்லூரி வாசலில் அடித்திருக்கிறார்கள். படிப்பை நிறுத்திவிட்டான். அவன் அம்மா ஹெர்மினாவின் வரிசையில் பூசையில் யாரும் உட்காருவதில்லை. நானும் தள்ளித்தான் உட்கார்ந்தேன்.

அந்தப் பெயர் பாட்டில் இருந்துதான் ஆகவேண்டுமா? கேட்கிறேன், அவ்வளவுதான்.

வேறொரு விஷயமும் எழுதவேண்டும். இன்றைக்கு வேண்டாம். பதினாலாம் மாடிக்காரம்மா குழாய் ஒழுகுகிறது என்று கதவைத் தட்டுகிறார்.

அப்பா


லீட்ஸ்
15 ஏப்ரல் 2003

அப்பா,

இருந்துதான் ஆகவேண்டும்.

உங்களுக்கு ரேடியோ விஷயம் எதுவும் தெரியாது. அதனால் ஒருமுறை ஒழுங்காக எழுதுகிறேன், மறுபடி கேட்காதீர்கள்.

ஸ்கைலைட் எஃப்எம்முக்கு லைசென்ஸ் கிடையாது. உண்மைதான். எங்களைப் போன்றவர்களுக்கு யார் லைசென்ஸ் கொடுக்கிறார்கள்? உங்கள் டவரின் கூரையில்தான் எங்கள் ஆன்டெனாவும் டிரான்ஸ்மிட்டரும் இருந்தன. பைரன் கையால் செய்தது. ஒரு வருடம் பழைய கடைகளில் பொறுக்கிச் சேர்த்தான். சாவி உங்கள் கொத்திலிருந்து நான் பிரதி எடுத்தது. அதற்கு வேண்டுமானால் திட்டுங்கள்.

ஞாயிறு மட்டும்தான் ஸ்டேஷன் ஓடும், அதில் இரண்டு மணி முதல் நாலு மணி வரை என் நேரம். வீட்டில் உங்களிடம் பேசாததெல்லாம் அங்கே பேசினேன். பதினைந்து வயதில் முதல் தடவை மைக்கைப் பிடித்தேன். பதினேழு வயதில் ஹாக்னியிலிருந்தும் பெக்காமிலிருந்தும் கூப்பிட்டு "அதை மறுபடி போடு" என்றார்கள். ஒரு வரி பிடித்துவிட்டால் டிஜே இசைத்தட்டைப் பின்னால் இழுத்து முதலிலிருந்து போடுவான். எங்களுக்கு அதைவிடப் பெரிய பரிசு கிடையாது. ஒரே மதியத்தில் எனக்கு ஐந்து முறை இழுத்தான் பைரன். நீங்கள் அன்று இரவு சோறு போட்டுக்கொண்டே, "தொண்டை கட்டியிருக்கே, தெருவுல நின்னு கத்துனியா?" என்று கேட்டீர்கள்.

பிப்ரவரி ஒன்பதாம் தேதி மதியம் ரேடியோவைத் திறந்தால் வெறும் இரைச்சல். கூரைக்குப் போனோம். எதுவும் இல்லை. ஆன்டெனா காணாமல் போனால் எதிரி ஸ்டேஷன்காரன்தான் எடுத்திருப்பான், லண்டன் முழுக்க அதுதான் வழக்கம். எங்கள் எதிரி ஃபர்னஸ் எஃப்எம். ஃபர்னஸில் கம்பி வேலை பார்ப்பவன் லியான். முந்தின வாரம்தான் அவன் ரேடியோவில் "டவர் சரியப் போகுது" என்று பாடினான். எட்டுப் பேர் அவன் கட்டடத்துக்குப் போனோம். படிக்கட்டில் தள்ளுமுள்ளு. பைரன் கைப்பிடியைத் தாண்டிக் கீழே போய்விட்டான். யார் கை பட்டது என்று போலீஸுக்கே தெரியவில்லை. அவன் விழுந்த சத்தத்தை நான் எழுதமாட்டேன்.

லியான் திருடவில்லை என்றால் நாங்கள் போயிருக்கமாட்டோம். அதைத்தான் பாடுகிறேன்.

அந்தப் பாட்டை ஐந்நூறு தட்டு அடித்தோம். பதினோரு நாளில் கடைக்காரர்கள் எல்லாவற்றையும் எடுத்துக்கொண்டார்கள். லண்டனில் ஒரு பெரிய கம்பெனி ஜூன் கடைசியில் நாடு முழுக்க வெளியிடுவதாகச் சொல்கிறது. அவர்கள் ஆள் கிரெஸ்வெல் சொன்னார், "பாட்டை விடு, அந்தப் பேரைக் கத்துறாங்க பாரு, அதுதான் சரக்கு." பெயரை எடுத்தால் பாட்டு இல்லை. பாட்டு இல்லையென்றால் எனக்கு அத்தை பார்த்துவைத்திருக்கும் பிஸ்கட் தொழிற்சாலை வேலைதான்.

நீங்கள் எதற்கு லியானுக்காகப் பேசுகிறீர்கள்? பைரனுடைய கையைத்தானே வாராவாரம் பார்க்கிறீர்கள்?

ஜெரோம்


ஆல்டர்சன் டவர்
27 ஏப்ரல் 2003

ஜெரோம்,

ஈஸ்டர் முடிந்து ஒரு வாரம் ஆகிறது. பாதிரியாரிடம் பாவத்தைச் சொல்லிவிடலாம் என்று பாவசங்கீர்த்தனத்துக்குப் போய் வரிசையில் நின்றேன். என் முறை வந்ததும், செருப்பு வார் அறுந்ததுபோலக் குனிந்து, அப்படியே வெளியே வந்துவிட்டேன். நான் போட்டிருந்தது ஷூ.

ஆன்டெனாவை எடுத்தது நான்.

இதை எழுதிவிட்டு ஒரு மணி நேரம் தரையைத் துடைத்தேன். சுத்தமாக இருந்த தரை.

பிப்ரவரி ஏழாம் தேதி, வெள்ளிக்கிழமை, அலுவலகத்திலிருந்து தாள் வந்தது. திங்கட்கிழமை போலீஸோடு வந்து எல்லாக் கூரைகளையும் பார்க்கப்போகிறார்கள், திருட்டு ரேடியோ சாமான் கிடைத்தால் பறிமுதல், வைத்தவன்மேல் வழக்கு. வைத்தவன் யார் என்று எனக்குத் தெரியும். இரண்டு வருடமாகத் தெரியும். ஞாயிறு இரண்டு மணிக்குச் சமையலறையில் கிரிக்கெட் வர்ணனை கேட்பதாகச் சொல்வேனே, எந்த ஊரில் வருடம் முழுக்க ஞாயிறு தவறாமல் கிரிக்கெட் நடக்கிறது? உன்னைத்தான் கேட்டுக்கொண்டிருந்தேன். முதல் நாளே குரல் தெரிந்துவிட்டது. "பந்து விளையாடக் கூடாது, சைக்கிள் ஏற்றக் கூடாது, எவரார்ட் பிராஸ்பர் வந்தால் மூச்சு விடக் கூடாது" என்று என் பெயரையே வைத்து நீ பாடியபோது அடுப்பில் இருந்த மீன் கருகிவிட்டது.

சனிக்கிழமை காலையில் கூரைக்குப் போனேன். எல்லாவற்றையும் கழற்றி, உன் பழைய போர்வையில் சுற்றி, கொதிகலன் அறை அலமாரியில் வைத்துப் பூட்டினேன். செவ்வாய்க்கிழமை மறுபடி மாட்டிவிடலாம் என்று நினைத்தேன். எந்தத் திருகு எங்கே என்று ஒரு தாளில் படம்கூடப் போட்டேன். நான் போட்ட படம் நண்டு மாதிரி இருக்கும், ஆனால் எனக்குப் புரியும்.

உன்னிடம் சொல்லியிருக்கலாம். அன்று இரவு நீ எதிரில்தான் உட்கார்ந்திருந்தாய். சொன்னால், எனக்குத் தெரியும் என்று ஆகிவிடும். தினமும் "அதெல்லாம் பாட்டா?" என்று கேட்டவன், ஒளிந்து கேட்டுக்கொண்டிருந்தவன் என்று ஆகிவிடும். அந்த வெட்கம். ஜெரோம், அது அவ்வளவுதான். அதைவிடப் பெரிய காரணம் ஏதாவது கிடைக்குமா என்று பதினோரு வாரம் தேடினேன், கிடைக்கவில்லை.

ஞாயிற்றுக்கிழமை உங்கள் நேரத்தில் வெறும் இரைச்சல்தான் வரும் என்று தெரியும். ஒரு வாரம் பேசாமல் இருந்தால் என்ன, தொண்டைக்கு நல்லது என்று நினைத்தேன். ஆன்டெனா காணாமல் போனால் எதிரிதான் எடுத்தான் என்பது உங்கள் வழக்கம். அது எனக்குத் தெரியாது. எனக்குத் தெரிந்த உலகத்தில் ஒரு பொருள் காணவில்லை என்றால் முதலில் காவல்காரனைக் கேட்பார்கள். நீங்கள் வந்து கேட்பீர்கள் என்று வீட்டிலேயே இருந்தேன். யாரும் வரவில்லை. மூன்று மணிக்கு ஆம்புலன்ஸ் சத்தம்தான் வந்தது.

அன்று மாலை மருத்துவமனையில் நீ என் தோளில் சாய்ந்து "லியானைக் கொன்னுடுவேன்பா" என்றாய். அப்போது சொல்லியிருக்கவேண்டும். நான் உனக்கு இயந்திரத்திலிருந்து சூப் வாங்கி வந்தேன்.

லியான் ஒன்றும் எடுக்கவில்லை. அந்தப் பெயரை எடுத்துவிடு. வரும் ஞாயிறு பைரனிடம் சொல்லப்போகிறேன். பிறகு ஹெர்மினாவிடம்.

உன் பொருட்கள் பத்திரமாக இருக்கின்றன. இதை ஏன் எழுதினேன் என்று தெரியவில்லை.

அப்பா


ஆல்டர்சன் டவர்
18 மே 2003

ஜெரோம்,

மூன்று வாரமாகப் பதில் இல்லை. கடிதம் வந்தது, நீ படித்தாய், பிறகு இரண்டு நாள் சாப்பிடவில்லை என்று அத்தை சொன்னாள். இப்போது சாப்பிடுகிறாயாம். அது போதும். பதில் எழுதவேண்டியதில்லை. நடந்ததைச் சொல்கிறேன்.

நாலாம் தேதி பைரனிடம் சொன்னேன். மருத்துவமனை நடைவழியில் மூன்று தடவை ஒத்திகை பார்த்துவிட்டுப் போனேன். அவன் முகத்தைப் பார்த்ததும் ஒத்திகை எல்லாம் போய்விட்டது. "நான்தான் எடுத்தேன்" என்று மட்டும் சொன்னேன்.

அவன் இடது கையால் டம்ளரை மேசையில் வைத்தான். பிறகு சொன்னான், ஒவ்வொரு சொல்லாக: "தெரியும், அங்கிள்."

எப்படி என்று கேட்டேன். "லியான்னா... வயரை வெட்டியிருப்பான். யாரா இருந்தாலும் வெட்டித்தான் எடுப்பாங்க. அது கழட்டி... நுனியில டேப் சுத்தியிருந்துச்சு. மழைத் தண்ணி போகாம. எந்தத் திருடன் டேப் சுத்துவான்?"

அன்றைக்கே பார்த்தானாம். அன்றைக்கு யோசிக்கவில்லை. இங்கே படுத்தபிறகு யோசிக்க நேரம் கிடைத்ததாம். அப்படியென்றால் ஏன் யாரிடமும் சொல்லவில்லை என்று கேட்டேன்.

"நீங்களே சொல்லுவீங்கன்னு பாத்தேன். பதினோரு ஞாயிறு பாத்தேன், அங்கிள்."

பதினோரு ஞாயிறும் நான் உப்புமீனோடு போய், ஜோக் சொல்லி, தலையணையைச் சரிசெய்துவிட்டு வந்திருக்கிறேன். அவன் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறான்.

பிறகு சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டான். நான் எழுந்தபோது, "அடுத்த வாரம் மீன் வேணாம்" என்றான். வரவேண்டாம் என்று சொல்லவில்லை என்பதைப் பிடித்துக்கொண்டு வீட்டுக்கு வந்தேன். அடுத்த வாரம் கோழி கொண்டுபோனேன். சாப்பிடவில்லை. இந்த வாரம் பாதி சாப்பிட்டான்.

ஹெர்மினா வீட்டுக்குப் போனது ஆறாம் தேதி. அவள் பள்ளிக்கூடச் சமையலறை வேலை முடிந்து வந்து, கோட்டைக்கூடக் கழற்றவில்லை. நின்றுகொண்டே கேட்டாள். நான் அழுதேன். எனக்கு அழகாக அழ வராது, மூக்குத்தான் முதலில் ஒழுகும். அவள் துடைக்கத் துணி கொடுக்கவில்லை. கடைசியில் சொன்னாள்:

"இதை எங்கிட்ட சொல்லி என்ன பிரயோஜனம், மிஸ்டர் பிராஸ்பர்? எம்புள்ள எடுக்கலேன்னு எனக்குத்தான் மொதல்லேயே தெரியுமே. தெரியாதவங்ககிட்ட போயி சொல்லுங்க."

லியான் அறையிலிருந்து வெளியே வரவில்லை. கதவுக்குக் கீழே அவன் காலின் நிழல் தெரிந்தது.

அதனால் பதினொன்றாம் தேதி, பூசை முடிந்து அறிவிப்பு நேரத்தில், பாதிரியாரிடம் கேட்டு மைக்கைப் பிடித்தேன். உன் அப்பன், மைக்கை. பழைய துணி விற்பனை அறிவிப்புக்கும் மேரி மாதாவுக்கு மலர் வைக்கும் முறைப்பட்டியலுக்கும் நடுவில். "ஸ்கைலைட் ரேடியோவின் ஆன்டெனாவை எடுத்தது லியான் ஷார்லமேன் இல்லை. நான் எடுத்தேன். ஒளித்து வைத்தேன். மூன்று மாதம் அவன் பழி சுமந்ததைப் பக்கத்து வரிசையிலிருந்து பார்த்தேன்." இவ்வளவுதான் சொன்னது. மைக்கை ரொம்பக் கிட்டப் பிடித்து, அது பல்லில் இடித்தது.

பின்னாலிருந்து கிழவர் ஒகுஸ்டின், காது கேட்காது அல்லவா, "சத்தமா சொல்லு, எவரார்ட்" என்றார். மறுபடி முதலிலிருந்து சொன்னேன். உங்கள் ரேடியோவில் வரி பிடித்துவிட்டால் மறுபடி போடச் சொல்வார்கள் என்று எழுதியிருந்தாய். எனக்கும் கிடைத்தது. அதுபோல இரண்டாவது தடவை எதையும் சொல்லவேண்டி வராமல் இருக்க உனக்காக ஜெபம் செய்கிறேன்.

அலுவலகத்துக்கும் எழுதிக் கொடுத்துவிட்டேன். சாமான்களை எடுத்துக்கொண்டு போனார்கள். விசாரணை முடியும்வரை வேலை இருக்கும். கூரைச் சாவியை மட்டும் வாங்கிக்கொண்டார்கள். வேலை போனால் வீடும் போகும். அது உன் கவலை இல்லை.

ஆனால் பாட்டு இன்னும் ஓடுகிறது, ஜெரோம். நான் முந்நூறு பேரிடம் சொன்னேன். நீ எத்தனை பேரிடம் சொல்லிக்கொண்டிருக்கிறாய்?

அப்பா


லீட்ஸ்
26 மே 2003

அப்பா,

எட்டுக் கடிதம் எழுதிக் கிழித்தேன். முதல் நாலில் கெட்டவார்த்தை மட்டும்தான் இருந்தது.

உங்களை மன்னிக்கமுடியும் என்று தோன்றவில்லை. அந்த சூப்பை நினைத்தால் உடம்பு எரிகிறது. நான் அழுதேன், நீங்கள் சூப் வாங்கக் காசு எண்ணிக்கொண்டிருந்தீர்கள். ஒரு சொல். ஒரே ஒரு சொல் சொல்லியிருந்தால் லியானை நான் அன்றைக்கே விட்டிருப்பேன், பாட்டு எழுதியிருக்கவே மாட்டேன்.

இதுவரை எழுதியதை முடித்துக் கவரில் போட்டேன். போட்டுவிட்டு மூன்று நாள் தபால் பெட்டியைத் தாண்டித் தாண்டிப் போனேன். ஏனென்றால் இது பொய்.

பைரன் டேப்பைப் பார்த்ததாக எழுதியிருந்தீர்கள். நானும் பார்த்தேன்.

அது பச்சை டேப். மூன்று சுற்று, நுனியை மடித்து ஒட்டியது. உங்கள் டேப். என் சைக்கிள் கைப்பிடியில் இருந்தது, சமையலறை ரேடியோவின் முதுகில் இருப்பது, என் பள்ளிப் பையின் வாரில் இருந்தது. கூரையில் நின்றுகொண்டு ஒரு நொடி பார்த்தேன். "அப்பா" என்று மனதில் வந்தது. சொல்லாகவே வந்தது. அதே நேரம் பின்னாலிருந்து யாரோ "லியான்தான்டா" என்று கத்தினான். நான் திரும்பிக்கொண்டேன்.

ஏன் தெரியுமா? அப்பா எடுத்தார் என்றால் நான் ஏழு பேருக்கு முன்னால் படியிறங்கி வந்து, கதவைத் தட்டி, "அப்பா, எங்க ரேடியோவைக் குடுங்கப்பா" என்று கேட்கவேண்டும். டவர் என்று பெயர் வைத்துக்கொண்டவன். லியான் எடுத்தான் என்றால் சண்டை. சண்டை என்றால் அடுத்த ஞாயிறு பாட ஒரு விஷயம். படியிறங்கும்போதே எனக்கு முதல் வரி வந்துவிட்டது, அப்பா. பைரன் விழுவதற்கு முன்னாலேயே. "கூரை ஏறிப் பாத்தேன், கம்பி காணோம்." மருத்துவமனையில் உங்கள் தோளில் சாய்ந்திருந்தபோது இரண்டாவது வரி வந்தது.

அதற்குப் பிறகு டேப்பை நான் நினைக்கவே இல்லை. நினைக்காமல் இருப்பது கஷ்டமாக இருக்கவில்லை என்பதுதான் மோசம்.

கிரெஸ்வெல்லிடம் முழுவதையும் சொன்னேன். சிரித்தார். "அருமையான கதைப்பா. பாட்டை அப்படியே விடு. ஆறு மாசம் கழிச்சு இதை வெச்சு இன்னொரு பாட்டு போடலாம்" என்றார். லியானை அடிக்கிறார்கள் என்றேன். "நீ அடிக்கலையே" என்றார். ஜூன் பதினான்காம் தேதி, சனிக்கிழமை மதியம், இங்கே ஒரு மண்டபத்தில் நிகழ்ச்சி. ரேடியோவில் நேரடியாகப் போகிறது, லைசென்ஸ் உள்ள ரேடியோ. நாடு முழுக்க. அன்றைக்கு அந்தப் பாட்டைத்தான் பாடவேண்டும், அதன் பிறகுதான் ஒப்பந்தத்தில் கையெழுத்து.

பெயரைச் சொல்லாமல் அந்த இடத்தில் வாயை மூடிக்கொண்டு பாடலாமா என்று யோசிக்கிறேன்.

ஜெரோம்


ஆல்டர்சன் டவர்
1 ஜூன் 2003

ஜெரோம்,

உன் கடிதத்தை மூன்று முறை படித்தேன். கடைசி முறை கொதிகலன் அறையில் உட்கார்ந்து படித்தேன், அங்கேதான் யாரும் வரமாட்டார்கள்.

நீ டேப்பைப் பார்த்ததால் என் பங்கு குறையாது. அதை முதலில் எழுதிவிடுகிறேன், ஏனென்றால் படித்ததும் எனக்கு ஒரு கெட்ட ஆறுதல் வந்தது. வந்ததும் எழுந்துபோய் முகம் கழுவினேன். நீ பதினேழு வயதுப் பையன், ஒரு நொடி கண்ணைத் திருப்பினாய். நான் நாற்பத்தொன்பது வயது ஆள், பதினோரு வாரம் திருப்பிக்கொண்டேன்.

இன்னொன்றும் உன்னிடம் கேட்கவேண்டும். நீ கூரையில் நின்றபோது, கீழே வந்து என்னிடம் கேட்பது உனக்கு அவ்வளவு கஷ்டமாக இருந்ததா? நான் அப்படிப்பட்ட அப்பனாகவா இருந்தேன்? பதில் வேண்டாம். கதவுக்கு இந்தப் பக்கம் நானும் அதே கஷ்டத்தோடுதான் உட்கார்ந்திருந்தேன்.

பெயரைச் சொல்லாமல் விட்டால் போதாது. நீ விட்ட இடத்தைத் தெரு நிரப்பும், பஸ் நிறுத்தத்தில் பார்த்தேன். வேண்டுமானால் என் பெயரைப் போடு. எவரார்ட். லியானைவிட நீளம், ஆனால் இழுத்தால் பொருந்தும். பாத்திரம் கழுவும்போது பாடிப் பார்த்தேன். ஆல்டர்சன் டவரில் ஆயிரம் பேர் பதினெட்டு வருடமாக அந்தப் பெயரைக் கெட்டவார்த்தையோடு சேர்த்துத்தான் சொல்கிறார்கள், எனக்கு ஒன்றும் புதிதில்லை.

பாடாமலே இரு என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. ஆறாவதோடு படிப்பை விட்ட ஒருவனின் மகன் நாடு முழுக்கக் கேட்கப் பாடுவான் என்றால், அதை வேண்டாம் என்று எந்த அப்பனால் சொல்லமுடியும்? ஆனால் லியான் இன்னும் வெளியே வருவதில்லை. சர்ச்சில் ஹெர்மினா பக்கத்தில் இப்போது ஆட்கள் உட்காருகிறார்கள். சர்ச்சுக்கு வெளியே ஒன்றும் மாறவில்லை.

பதினான்காம் தேதி பைரனோடு உட்கார்ந்து கேட்பேன். இந்தத் தடவை கிரிக்கெட் என்று சொல்லமாட்டேன்.

அப்பா


லீட்ஸ்
16 ஜூன் 2003

அப்பா,

ரேடியோவில் பாதியில் நின்றுவிட்டிருக்கும். அங்கிருந்து சொல்கிறேன்.

உங்கள் பெயரைப் போட்டுத்தான் பாடப்போனேன். ஒத்திகையில் பொருந்தியது. மேடையில் முதல் வரி, "கூரை ஏறிப் பாத்தேன், கம்பி காணோம்", அதைச் சொல்லி முடிக்கவில்லை, நான் "எவரார்ட்" என்று வாயைத் திறப்பதற்குள் நானூறு பேர் "லியான்" என்று கத்தினார்கள். கைகளைத் துப்பாக்கிபோல் நீட்டிக்கொண்டு, எங்கள் பக்கம் அதுதான் கைதட்டல். என் குரல் எனக்கே கேட்கவில்லை. டிஜேவுக்கு ஒரே சந்தோஷம், தட்டைப் பின்னால் இழுத்தான். மறுபடி முதலிலிருந்து. மறுபடி "லியான்". முன்வரிசையில் ஒரு சின்னப் பெண், பன்னிரண்டு வயது இருக்கும், அவளுக்கு லியான் என்று ஒரு ஆள் உண்மையில் இருக்கிறான் என்றே தெரியாது. கண்ணை மூடிக்கொண்டு கத்துகிறாள்.

நான் டிஜேவிடம் போய், தட்டின் மேல் ஓடிய ஊசியைத் தூக்கினேன். எங்களில் யாரும் அதைச் செய்யமாட்டார்கள். அடுத்தவன் தட்டைத் தொடுவது அடிப்பதைவிட மோசம்.

பாட்டாகச் சொல்லவில்லை. பேசினேன். "இந்தப் பாட்டு பொய். லியான் எடுக்கல. எடுத்தது எங்கப்பா, எங்களைக் காப்பாத்த. எனக்கு அன்னைக்கே தெரியும். தெரிஞ்சேதான் இதை எழுதினேன். பைரன் விழுந்தது என்னாலதான். இனிமே இதைப் பாடாதீங்க." அவ்வளவுதான். யோசித்து வைத்த எதுவும் வரவில்லை.

பிறகு ஒருவன் "பாடுடா" என்றான். இன்னொருவன் சிரித்தான். ஊளையிட்டார்கள். பிளாஸ்டிக் டம்ளர் வந்து விழுந்தது. ரேடியோக்காரர்கள் அதற்குள் வேறு பாட்டுக்குப் போய்விட்டார்களாம், எவ்வளவு தூரம் வெளியே போனது என்று தெரியவில்லை. கிரெஸ்வெல் கார் நிறுத்துமிடத்தில் என்னைத் திட்டவில்லை. கை கொடுத்தார். "நீ நல்லா எழுதுற, ஆனா இந்தத் தொழிலுக்கு நீ சரிப்படமாட்ட" என்றார். அவர் சொன்னதில் முதல் பாதி மட்டும் உண்மையாக இருக்கட்டும்.

கடைகளில் இன்னும் விற்காமல் இருந்த தட்டுகளைத் தேடித் திரும்ப வாங்கினேன். நாற்பத்திரண்டு கிடைத்தது. மற்றதெல்லாம் யார் யார் வீட்டிலோ இருக்கிறது. அது ஓடிக்கொண்டுதான் இருக்கும், அப்பா. அதை என்னால் நிறுத்தமுடியாது. இதை யாரிடமாவது சொல்லவேண்டும்போல இருந்தது.

நேற்று லியான் வீட்டுக்குப் போன் செய்தேன். அவன் அம்மா எடுத்தார். நான் யார் என்று சொன்னதும், "ரேடியோல அரைகுறையா கேட்டோம். மீதிய நேர்ல வந்து அவங்கிட்ட சொல்லு. அவன் கதவத் திறப்பானான்னு நான் சொல்லமாட்டேன்" என்றார்.

சனிக்கிழமை காலைப் பேருந்தில் வருகிறேன். இறங்கி நேரே அங்கேதான் போவேன். நீங்கள் கூட வரவேண்டாம். அவன் திறக்கும்வரை படிக்கட்டில் உட்கார்ந்திருப்பேன், திறக்காவிட்டால் ஞாயிற்றுக்கிழமையும் போவேன். பைரன் விழுந்த அதே படிக்கட்டுதான்.

அது முடிந்தபிறகு பைரன். உங்களிடம் கடைசியில்தான் வருவேன், எத்தனை மணி ஆகும் என்று தெரியாது. எனக்காகச் சாப்பிடாமல் காத்திருக்காதீர்கள்.

ஜெரோம்